போதும் என்று பேர் வைத்தார்கள்

வரிசையாக மூன்று பெண்கள் பிறந்த வீட்டில் நாலாவதும் பெண்ணாகப் பிறந்தால் அப்பன்காரன் என்ன செய்வான்? இனிப்பு வாங்க ஓடுகிறவனும் உண்டு. இவளுடைய அப்பா ஓடவில்லை. மருத்துவமனை வராந்தா பெஞ்சில் கன்னத்தில் கை வைத்து உட்கார்ந்திருந்தார். நர்ஸ் வந்து பேர் கேட்டபோது, இரண்டு வாரமாக மனசுக்குள் தயாராக வைத்திருந்த ஒரு பேரைச் சொன்னார். அவர்கள் தாய்மொழியில் அதற்குப் 'போதும்' என்று அர்த்தம். அந்தப் பேரை வைத்தால் அடுத்தது பையன்தான் என்று யாரோ ஒரு புண்ணியவான் அவர் காதில் ஓதியிருந்தான்.

மூத்தவர்கள் மூன்று பேருக்கும் விடியல், முத்து, மழை என்று அர்த்தம் வரும் பேர்கள். கேட்கவே குளுகுளுவென்று இருக்கும். இவளுக்கு மட்டும் கடை மூடும்போது சொல்கிற மாதிரி ஒரு பேர். சரி, பலித்ததா? அதுதான் வேடிக்கை. அடுத்ததும் பெண்! அப்பா முழுசாகத் தோற்றுப்போனார். தோற்ற மனிதர் குழந்தை முகத்தைப் பார்த்து வாய்விட்டுச் சிரித்துவிட்டு, ஐந்தாவதுக்கு 'மகாராணி' என்று பேர் வைத்தார். அநியாயம் என்றால் இப்படியா இருக்கும்?

அப்பா கெட்டவர் இல்லை. சும்மா சொல்லக்கூடாது, ஐந்து பேரையும் தோளில் சுமந்து வளர்த்தவர். ஆனால் இவளை மட்டும் பேர் சொல்லிக் கூப்பிட மாட்டார். 'கண்ணு' என்பார், 'அம்மாடி' என்பார், அவசரத்துக்கு 'ஏய்' என்றுகூடச் சொல்வார். வைத்த பேர் மட்டும் அவர் வாயில் வராது. ஊர் வாயில் நன்றாக வந்தது. பள்ளிக்கூடத்தில் வருகை எடுக்கும்போதெல்லாம் பின்பெஞ்சுகள் "போதும் டீச்சர், போதும்!" என்று கத்தும். அத்தை தையல்கடை திறந்த அன்று, ஆசை ஆசையாய்ப் போனவளை வாசலிலேயே நிறுத்தி, "நீ நாளைக்கு வா கண்ணு, முதல் நாள் வேணாம்" என்று அனுப்பிவிட்டாள். யாருக்காவது கல்யாணம் நிச்சயமானாலும் இதே கதைதான். ஆரம்பம் என்று எதுவெல்லாம் உண்டோ, அதற்கெல்லாம் அவள் மறுநாள்தான் போகலாம்.

அழுதாளா? அழுதாள். அப்புறம் வைராக்கியம் வந்துவிட்டது. வேறொரு நாட்டுக்கு வேலைக்குப் போனாள். கிரேன் ஓட்டக் கற்றாள். உயரத்தில் உட்கார்ந்து அலுத்துப்போய், நேர்மாறாகப் பூமிக்கு அடியில் இறங்கினாள். நகரங்களுக்குக் கீழே ரயில் ஓடச் சுரங்கம் குடைவார்களே, அந்தப் பூதாகாரமான மெஷினை ஓட்டுகிறவரைப் பைலட் என்பார்கள். பறக்கிறவர்களுக்கும் அதே பேர், புதைந்து போகிறவர்களுக்கும் அதே பேர். அவள் பைலட் ஆனாள். அங்கே அவள் பாஷை தெரிந்தவர் ஒருவரும் இல்லை. பேருக்கு என்ன அர்த்தம் என்று யாராவது கேட்டால், "எங்க பக்கம் ஒரு பூ" என்று சொல்லிவிடுவாள். கூசாமல் காதில் பூ சுற்றினாள். எல்லோரும் நம்பினார்கள்.

பைலட்டின் அறை ஒரு துணி பீரோ அளவுதான் இருக்கும். ஒரு நாற்காலி, நாலு திரை, கைப்பிடிகள், கரகரக்கும் ஒரு மின்விசிறி. எதிரே ஜன்னல் கிடையாது. முன்னால் இரண்டு மாடி உயரத்துக்கு ஒரு பல்சக்கரம் மண்ணைச் சுரண்டிக்கொண்டிருக்கும். அது அவள் கண்ணுக்குத் தெரியாது. திரையில் முள் காட்டும் கணக்கையும், நாற்காலி வழியாக முதுகுக்கு வரும் அதிர்வையும் வைத்துத்தான் ஓட்ட வேண்டும். கொஞ்ச தூரம் குடைந்ததும் நிறுத்தி, பின்னால் கான்கிரீட் வளையம் பூட்டுவார்கள். மறுபடி குடைவார்கள். பொறுமை இல்லாதவர் அந்த நாற்காலியில் ஒரு மணி நேரம் தாங்க மாட்டார்.

சுரங்க வேலைக்காரர்களிடம் ஒரு பழக்கம் உண்டு. பெண் பேர் வைக்காமல் மெஷினை மண்ணுக்குள் விட மாட்டார்கள். இவளுடைய குழு இன்னும் ஒரு படி மேலே. எந்தப் பேரை வைக்கிறார்களோ, அதற்கு உரியவரோ உறவோ மெஷின்மேல் கை வைத்து அர்த்தத்தைச் சொல்ல வேண்டும். கை வைத்துப் பொய் சொல்லக் கூடாது. சொன்னால் மெஷின் பழி வாங்கும். பெயின்ட் அடித்த பேரை அப்புறம் மாற்றவும் கூடாது. படித்தவர், படிக்காதவர் எல்லோரும் இதை நம்பினார்கள். பூமிக்கு அடியில் போகிறவர்களிடம் போய் எதை நம்பலாம், எதை நம்பக் கூடாது என்று பாடம் நடத்த முடியுமா?

ஆற்றுக்கு அடியில் குடைய ஒரு புது மெஷின் வந்தது. சாப்பாட்டுக் கொட்டகையில் பேர்ப் பேச்சு கிளம்பியது. வெல்டர் தன் மகள் பேரைச் சொன்னார். "வெள்ளிக்கிழமைன்னு அர்த்தம். எங்க ஊர்ல எந்தக் கிழமையில பிறக்கிறமோ அந்தப் பேர் ஒண்ணு கட்டாயம் உண்டு. தெருவில நின்னு கூப்பிட்டா பத்துப் பேர் திரும்புவாங்க."

"மெஷின் ஒண்ணுதானே திரும்பணும், பத்தும் திரும்பினா என்ன ஆகிறது?" என்று மேஸ்திரி காலை வாரினார். அவர் தன் அம்மா பேரைச் சொன்னார். அதற்கு 'இது இல்லை' என்று அர்த்தமாம். முன்னால் பிறந்த குழந்தைகள் தங்காமல் போனதால், கெட்டது எதுவும் இதைத் தேடி வந்தால் 'ஓகோ, இது இல்லை போலிருக்கு' என்று ஏமாந்து திரும்பிப் போகட்டும் என்று வைத்த பேர். "எங்க அம்மாவுக்கு இப்ப எண்பது ஆகப்போகுது. எமன் இன்னும் முகவரி தெரியாம சுத்திக்கிட்டிருக்கான்" என்றார். கொட்டகையே சிரித்தது.

எலக்ட்ரீஷியன் தன் அக்கா பேரைச் சொன்னான். "தம்பியைக் கூட்டிட்டு வான்னு அர்த்தம்."

"கூட்டிட்டு வந்தாளா?"

"வந்தாளே. நான்தான் அந்தத் தம்பி."

இதற்கும் சிரித்தார்கள். பைலட் மட்டும் சிரிக்கவில்லை. "உங்க அக்காவுக்கு அந்தப் பேர் பிடிக்குமா?" என்று கேட்டாள்.

அவன் தட்டைப் பார்த்துக்கொண்டே, "பிடிக்காது. யார்கிட்டயும் சொல்ல மாட்டா. ஒரு தடவை, 'என் பேர்ல நான் எங்கடா இருக்கேன்'னு கேட்டா" என்றான். அன்று முழுக்க அந்தக் கேள்வி அவளைப் போட்டுக் குடைந்தது. உலகத்தில் தான் ஒருத்திதான் இப்படி என்று நினைத்திருந்தாள். இல்லையாம்.

மறுநாள் காலை அவள் வேலைக்கு வந்தபோது, குழு மொத்தமும் கல்யாண வீட்டுக்காரர்கள் மாதிரி பல்லைக் காட்டிக்கொண்டு நின்றது. மெஷினின் முகத்தில் ஆள் உயரத்துக்கு வெள்ளை எழுத்தில் ஒரு பேர். அவளுடைய பேர்! "ஏகமனதா முடிவு பண்ணிட்டோம்" என்றார் மேஸ்திரி. "எங்க வீட்டுப் பேரெல்லாம் அழுது வழியுது. உன்னோடது பூவாச்சே."

மற்றவர் காதில் சுற்றிய பூ அவளிடமே திரும்பி வந்துவிட்டது. பார்க்க மேலாளர் வேறு வந்திருந்தார். திட்டம் முழுக்க அவர் பொறுப்பு, கறாரான ஆள். "என்ன பூம்மா அது? கை வச்சுச் சொல்லிடு, ஆரம்பிக்கலாம்" என்றார்.

அவள் இரும்பின்மேல் கையை வைத்தாள். சில்லென்று இருந்தது. இத்தனை வருஷமாக வாயில் சரளமாக வந்த பூ இப்போது வரவில்லை. இந்த மெஷினுக்குள் உட்கார்ந்து ஆற்றுக்கு அடியில் போகப் போகிறவள் அவள். அதனிடமே பொய் சொல்வதா? "பூ இல்லை சார். பொய் சொல்லிட்டேன். 'போதும்'னு அர்த்தம். இதுக்கு மேல பொண்ணு வேணாம்னு வச்ச பேர்."

வெல்டர் பெயின்ட் டப்பாவை மெல்ல முதுகுக்குப் பின்னால் ஒளித்தார். மேலாளர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மறுபடி மாட்டிக்கொண்டு, "ஆத்துக்கு அடியில அந்தக் கரை வரைக்கும் போக வேண்டிய மெஷினுக்கு 'போதும்'னு பேரா? விளங்கின மாதிரிதான். அழிங்கப்பா" என்றார்.

"அழிக்கக் கூடாது சார். அடிச்சாச்சு" என்றார் மேஸ்திரி. அவர் குரலிலும் சுரத்தில்லை. வைத்துக்கொள்ளவும் பயம், மாற்றவும் பயம். குழுவே இரண்டுங்கெட்டான் நிலையில் நின்றது.

'அழிச்சிடுங்க' என்று ஒரு வார்த்தை சொன்னால் முடிந்தது. சின்ன வயசிலிருந்து அவள் வேண்டிக்கொண்டதே அதுதானே? ஆனால் அவளுக்குத் திடீரென்று கோபம் பொங்கிக்கொண்டு வந்தது. அத்தை வாசல், பின்பெஞ்சு, மறுநாள் வா, மறுநாள் வா என்று அனுப்பிய அத்தனை பேரும் கண்முன் வந்தார்கள். இன்றைக்கு முதல் நாளிலேயே வந்து நிற்கிறாள். இனி நாளைக்கு வர முடியாது.

"சார், ஒண்ணு கேட்கிறேன். எனக்கு இந்தப் பேர் வச்சப்புறம் எங்க வீட்ல என்ன ஆச்சுன்னு தெரியுமா? இன்னொரு பொண்ணு பிறந்தா. மகாராணின்னு பேரு. நல்லா கொழுகொழுன்னு இருக்கா. பொறந்ததிலருந்து இன்னிக்கு வரைக்கும் என் பேரு எதையும் நிறுத்தினதே இல்லை சார். இதையும் நிறுத்தாது."

முதலில் எலக்ட்ரீஷியன்தான் சிரித்தான். அப்புறம் எல்லோரும். மேலாளருக்கே உதடு துடித்தது; அடக்கிக்கொண்டார். "வாய் இருக்கு உனக்கு. சரி, பேர் இருக்கட்டும். ஆனா நடுவில மாட்டிக்கிச்சுன்னு வச்சுக்கோ, அந்த ஷிஃப்ட் முடியறதுக்குள்ள பேரும் போகும், நீயும் நாற்காலிய விட்டு இறங்கணும். சம்மதமா?"

"சம்மதம்" என்றாள்.

படம் எடுத்துத் தங்கைக்கு அனுப்பியதுதான் தாமதம், சாயங்காலமே அப்பாவின் அழைப்பு. "கண்ணு, அதை அழிக்கச் சொல்லும்மா" என்றார். குரல் கம்மியிருந்தது. "அத்தாம் பெரிசா எழுதி வச்சிருக்காங்களே. பார்க்கிறவன்லாம் எந்தப் பாவி வச்ச பேருன்னு கேட்பானே."

"வச்சது நீங்கதானேப்பா?"

"நான்தான். அதைத்தான் இத்தனை வருஷமா வாயால சொல்ல முடியாம கிடக்கேன்."

அவள் அதற்கும் விட்டுக்கொடுக்கவில்லை. "அழிக்கிறதா இருந்தா அப்பவே அழிச்சிருக்கணும்பா. இப்ப அது என்னோடது" என்று சொல்லி வைத்துவிட்டாள்.

மெஷின் கிளம்பியது. பாறையைக் கடித்துத் துப்பியது, மணலை அள்ளியது. நகரத்து வீடுகளுக்குக் கீழே சத்தம் காட்டாமல் போனது. மேலே யாராவது பாத்திரம் கழுவிக்கொண்டிருந்திருப்பார்கள், யாராவது தூங்கிக்கொண்டிருந்திருப்பார்கள், ஒருவருக்கும் தெரியாது. ஆற்றுக்கு அடியில் பாதி வழி வந்ததும் களிமண் வந்தது. சாதாரணக் களிமண்ணா அது? பசை! சக்கரத்தின் பல்லிடுக்கெல்லாம் அப்பிக்கொண்டது. வெளியே மண் கொண்டுபோகும் பட்டை கிட்டத்தட்ட வெறுமையாக ஓடியது. முள் சிவப்புக் கோட்டுக்கு ஏறியது. நாற்காலியின் அதிர்வு உறுமலாகி, முனகலாகி, ஒரேயடியாக நின்றது.

நின்றேவிட்டது. சுரங்கம் முழுக்க மின்விசிறிச் சத்தம் மட்டும். வளையம் பூட்டுகிற இடத்திலிருந்து ஒருவன் எட்டிப் பார்த்து, "பேரு வேலையைக் காட்டிடுச்சு" என்றான். மேஸ்திரி அவனை ஒரு முறை முறைத்தார். மேலாளருக்குத் தகவல் போய்விட்டது, அவர் வந்துகொண்டிருந்தார்.

மண்ணைப் பதமாக்க நுரை செலுத்தும் இன்ஜினியர் அம்மாவை எல்லோரும் நுரையம்மா என்பார்கள். அவர் அறைக்குள் தலையை நீட்டி, "கலவைய மாத்திட்டேன். வேணுங்கிற மட்டும் தள்ளறேன். நீ சக்கரத்தப் பின்பக்கமா சுத்திப் பாரு. அவசரப்படாதே" என்றார். அவள் முன்னால் அழுத்தும் விசையை முழுசாகத் தளர்த்தினாள். கைப்பிடியைத் திருப்பினாள். ஒன்றுமில்லை. நுரை போய் ஊறக் காத்திருந்தாள். மறுபடி. ஒரு சின்ன நடுக்கம், அவ்வளவுதான்.

அப்போதுதான் எலக்ட்ரீஷியன் அந்தக் காரியத்தைச் செய்தான். இரும்புச் சுவரில் கையால் ஓங்கித் தட்டி, மெஷினைப் பேர் சொல்லிக் கூப்பிட்டான். "வாடி, என் தங்கம், வா!" வெல்டரும் சேர்ந்துகொண்டார். மேஸ்திரியும், பேர் வேலையைக் காட்டியது என்று சொன்னவனும்கூட. சுரங்கம் முழுக்க அவளுடைய பேர் கெஞ்சலாய், கொஞ்சலாய், அதட்டலாய் எதிரொலித்தது. அந்தப் பேரை இப்படி யாரும் கூப்பிட்டு அவள் கேட்டதில்லை. போ என்றுதான் அந்தப் பேர் அவளிடம் எப்போதும் சொல்லியிருக்கிறது. இத்தனை பேர் அதைச் சொல்லி 'வா, வா' என்கிறார்கள்! கண்ணில் நீர் முட்டிக்கொண்டு முள்ளே தெரியவில்லை. புறங்கையால் துடைத்துக்கொண்டு கைப்பிடியை இன்னும் ஒரு இழை திருப்பினாள்.

நாற்காலி வழியாக முதுகுக்கு ஒரு முனகல் வந்தது. அப்புறம் உறுமல். சக்கரம் பின்பக்கமாக அரைச்சுற்று சுற்றியது, முழுச்சுற்று சுற்றியது. முன்பக்கமாகத் திருப்பினாள். அதற்கும் மசிந்தது. பட்டையில் நுரை கலந்த களிமண் கட்டி கட்டியாக வந்து விழ, பின்னால் எழுந்த கூச்சலில் மேலே ஆற்று மீன்கள்கூடத் துள்ளியிருக்கும்.

மேலாளர் மூச்சு வாங்க வந்து சேர்ந்தார். சக்கரம் சுற்றிக்கொண்டிருந்தது. குழு மொத்தமும் வாயை இறுக மூடிக்கொண்டு நின்றது. அவளும் பேசாமல் இருந்திருக்கலாம். இருக்க முடியவில்லை. "நின்னுடுச்சு சார். இப்பதான் கிளம்புச்சு. நீங்க சொன்னது சொன்னதுதான்" என்று நாற்காலியிலிருந்து எழப் போனாள்.

"உட்காரு!" என்று ஒரு சத்தம் போட்டார் மேலாளர். "மாட்டிக்கிச்சுன்னாதான்னு சொன்னேன். இது எங்க மாட்டிக்கிச்சு? மல்லுக்கட்டி ஜெயிச்சிருக்கு. நடுவில நீ எழுந்து போனா நான் யாரை வச்சு அந்தக் கரைக்குப் போறது?" ஒரு வாளியைக் கவிழ்த்துப் போட்டு அவள் அறை வாசலிலேயே உட்கார்ந்துகொண்டார். ஷிஃப்ட் முடிகிற வரைக்கும் எழவில்லை. போகும்போது மெஷினைத் தட்டி, அதன் பேரைச் சொல்லி, "நல்லா இரு" என்றுவிட்டுப் போனார்.

அந்தக் கரையை உடைத்து வெளியே வருகிற நாளில் குடும்பங்களையெல்லாம் கூப்பிட்டிருந்தார்கள். பெரிய பள்ளம், அதன் சுவரைப் பார்த்தபடி தடுப்புக்குப் பின்னால் ஜனக்கூட்டம். உள்ளே இருந்த அவளுக்கு அது எதுவும் தெரியாது. முள் மளமளவென்று இறங்கிப் பூஜ்யத்தில் போய் நின்றதும்தான் புரிந்தது: முன்னால் மண் இல்லை, காற்று! சக்கரத்தின் இடுக்கிலிருந்த சின்னக் கதவைத் திறந்து, சேறும் சகதியுமாக வெளிச்சத்துக்குள் தவழ்ந்து வந்தாள். முதல் ஆளாக. ஆற்றுக்கு அடி வழியாக வந்து அந்தப் பக்கம் கால் வைத்த முதல் ஆள் அவள்தான். கைதட்டலில் பள்ளம் அதிர்ந்தது.

திரும்பிப் பார்த்தாள். மெஷினின் முகத்தில் ஒரு எழுத்துகூட மிச்சமில்லை. பாறையும் மணலும் தேய்த்து, இரும்பு கண்ணாடியாய்ப் பளபளத்தது. பெயின்ட் எல்லாம் ஆற்றுக்கு அடியில் எங்கேயோ போயிருந்தது.

தடுப்புக்குப் பின்னால், ஊரிலிருந்து வந்திருந்த தங்கை மகாராணி கையை ஆட்டிக்கொண்டிருந்தாள். பக்கத்தில் தேய்த்த வெள்ளைச் சட்டையில் அப்பா, தலையைக் குனிந்துகொண்டு. அவரைப் பிடித்துவிட்டாள் ஒரு தொலைக்காட்சிப் பெண், மைக்கும் கையுமாக. இரண்டு பேர் பேச்சையும் நடுவில் மகாராணி மொழிமாற்றிச் சொல்லிக்கொண்டிருந்தாள். பைலட் அவர்களை நோக்கி நடந்தாள். பேச்சு காதில் விழுந்தது.

"ஐயா, நீங்க பைலட்டோட அப்பாங்களா? மெஷினுக்கு ஒரு பேரு வச்சாங்களாமே, ஒண்ணும் தெரியலியே. என்ன பேரு?"

அப்பா நிமிர்ந்தார். சேறு அப்பிய மகளைப் பார்த்தார். உதடு இரண்டு தடவை திறந்து மூடியது. பிறகு அந்தப் பேரைச் சொன்னார். நர்ஸிடம் சொன்ன நாளுக்குப் பிறகு முதல் தடவையாக, முழுசாக, கூட்டம் திரும்பிப் பார்க்கும்படி சொன்னார்.

"அட, நல்லா இருக்கே! அதுக்கு என்ன அர்த்தம்?"

அவளுக்கு நடை நின்றுவிட்டது. மகாராணி சட்டென்று அப்பாவின் கையைப் பிடித்தாள்.

"அதுக்கா?" என்றார் அப்பா. "என்னோட நாலாவது பொண்ணுன்னு அர்த்தம். வேற அர்த்தம் ஒண்ணும் கிடையாது. அப்படியே போட்டுக்குங்க."

அவள் தடுப்பை ஒரே தாண்டாகத் தாண்டிப் போய் அவரைக் கட்டிக்கொண்டாள். வெள்ளைச் சட்டை பாழாய்ப் போனது. சிரித்தாள், அழுதாள், எது எது என்று அவளுக்கே தெரியவில்லை. "சேறுப்பா, சேறு" என்று மகாராணி கத்தினாள். அப்பா கேட்கிற நிலையில் இல்லை. மகளின் முதுகைத் தட்டித் தட்டி, அவள் பேரையே திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டிருந்தார்.